மணல் குடிக்காத தண்ணீர்

நான் ஒரு பயந்தாங்கொள்ளி. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. திருத்தணி மலைமேல் தேங்காய் மூடியைப் பிடுங்க வரும் குரங்குக்குப் பயப்படுவேன். பல் டாக்டருக்குப் பயப்படுவேன். கனகம்மாசத்திரம் ரோட்டில் திருப்பதி பஸ் ஓவர்டேக் எடுத்தால் வண்டியை ஓரங்கட்டிவிட்டு அது போய்ச் சேரும்வரை நிற்பேன். எல்லாவற்றையும்விடத் தண்ணீருக்குப் பயம். பொய்கையில் எல்லோரும் முங்கி எழும்போது மேல்படியில் உட்கார்ந்து சொம்பில் மொண்டு ஊற்றிக்கொள்கிற ஆள் நான். இப்படிப்பட்டவனுக்கு, நெருப்பையும் காற்றையும் தண்ணீரையும் படம் பிடித்தே தீருவேன் என்று நிற்கிற ஒருத்தியைக் கட்டிவைத்தார்கள்.

அவள் என் மாமன் மகள். எல்லைக்கு அந்தப் பக்கம், ஆந்திராவில், கொசஸ்தலை ஆற்றை ஒட்டிய ஊரில் பிறந்தவள். அங்கே வீட்டில் தெலுங்கில் ஆரம்பித்துத் தமிழில் முடிப்பார்கள். அப்பாவை நைனா என்பாள், என்னைப் பாவா என்பாள். கோபம் வந்தால் என்னை எதுவும் சொல்லிக் கூப்பிட மாட்டாள், முறைப்பதோடு சரி.

எங்கள் தொழில் கல்யாண வீடியோ. முகூர்த்த நாளில் மலைமேல் தாலி, கீழே மண்டபத்தில் சாப்பாடு, நடுவில் யாராவது குழந்தைக்கு மொட்டை, காதுகுத்து. சிரிங்க, இந்தப் பக்கம் பாருங்க, அண்ணி கொஞ்சம் நகருங்க என்று கத்திக் கத்தித் தொண்டை வற்றிவிடும். மார்கழி பிறந்தால் முகூர்த்தம் கிடையாது. அப்படி ஒரு மார்கழியில்தான் அவள் கடையில் உட்கார்ந்து சொன்னாள்.

"மனுசனே இல்லாத ஒரு படம் எடுக்கணும் பாவா. யாரும் சிரிக்கக் கூடாது. யாரையும் நகருன்னு சொல்லவும் கூடாது."

முதலில் நெருப்பை எடுத்தாள். மலைப்படியில் ஒரு கட்டிக் கற்பூரத்தை ஏற்றி, தன் செல்போனை அதன் முகத்துக்கு நேராகக் கல்லிலேயே வைத்துவிட்டாள். கல்யாணத்துக்கு எடுக்கிற பெரிய கேமரா இந்த வேலைக்கு ஆகாது, தரையோடு தரையாகப் படுக்காது. கற்பூரம் தானாக அணையும்வரை ஷாட். அதற்கு முன்னால் யாரும் அசையக் கூடாது, பேசக் கூடாது. நாம் வெட்டக் கூடாது, எரிகிற பொருளே முடித்துவைக்க வேண்டும் என்பது அவள் போட்ட சட்டம். அப்புறம் மண். திருவாலங்காட்டுப் பக்கம் ஆலைக்குக் கரும்பு ஏற்றிப்போன டிராக்டர் கிளப்பிய புழுதி, அது படிந்து அடங்கும்வரை. பொதட்டூர்பேட்டையில் கொடியில் காய்ந்த கைலித் துணிகளை ஆட்டிய காற்று, அது ஓயும்வரை. எல்லாமே சில நிமிடப் படங்கள். பார்த்த சொந்தக்காரர்கள், "இதுல இன்னா கீது?" என்று கேட்டார்கள். நானும் மனதுக்குள் அதைத்தான் கேட்டேன். ஆனால் பார்க்கப் பார்க்க ஒரு மாதிரி பிடித்துப்போய்விட்டது.

இந்தச் சட்டங்களுக்கு ஒரே எதிரி என் மாமனார்தான். மகள் சாப்பிட்டாளா என்று கேட்காமல் அவருக்கு ஒரு பொழுது விடியாது, ஒரு பொழுது அடையாது. கற்பூரத்தை முதல்தடவை எடுத்தபோது, சுடர் குனிந்து அணையப்போகிற நேரம் பார்த்து அவர் போன் வந்தது. அவள் போனில் அழைப்பு வந்தால் வீடியோ அதோடு நின்றுவிடும். அவள் தலையில் அடித்துக்கொண்டாள். "இன்னா நைனா உனுக்கு, சோறு துன்னுட்டேன், துன்னுட்டேன், போதுமா?" என்று கத்தினாள். அவர் அந்தப் பக்கம் நிதானமாக, "இன்னா கொழம்பு?" என்று கேட்டார். அன்றிலிருந்து ஷூட்டிங் என்றால் இருவர் போனும் ஃப்ளைட் மோடில் போய்விடும். அது நான்காவது சட்டமோ ஐந்தாவது சட்டமோ, எனக்கு நினைவில்லை.

இங்கே எங்கள் கொசஸ்தலை ஆற்றைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். வருஷத்தில் பாதி நாள் அது வெறும் மணல். மாடு குறுக்கே போகும், பிள்ளைகள் கிரிக்கெட் ஆடுவார்கள். மழைக்காலத்தில் மேலே ஆந்திராவில் மலைப்பக்கம் கொட்டினால் அங்கே அணை நிரம்பும், திறந்துவிடுவார்கள். இங்கே வானம் துடைத்துவிட்ட மாதிரி இருக்கும், ஆற்றில் மட்டும் வெள்ளம் வரும். ஆட்டோவில் மைக் கட்டி அறிவிப்பார்கள், தண்டோராவும் போடுவார்கள். ஆனால் கீழ்க்கரைக்காரர்கள் நம்புவது சம்பந்தி வீட்டுப் போனை. மேலே பெண் கொடுத்தவர்களும் எடுத்தவர்களும், "தண்ணி உட்டுட்டாங்க" என்று ஒரு வார்த்தை சொல்வார்கள். இங்கே அதைக் கேட்டவர் அடுத்த ஊரிலிருக்கும் தன் சம்பந்திக்குச் சொல்வார். தண்ணீர் வருவதற்குள் மாடும் மோட்டாரும் கரையேறிவிடும். எங்கள் வீட்டுக்கு அந்தச் செய்தி மாமனாரிடமிருந்துதான் வரும். ஒரு வருஷமும் அவர் தவறியதில்லை.

அந்த மார்கழியில் புயல் ஒன்று கரையைக் கடந்து போயிருந்தது. திருத்தணியில் மழை ஓய்ந்து நல்ல வெயில் அடித்தது. அவள் தண்ணீர்ப் படத்துக்கு ஒரு யோசனை வைத்திருந்தாள். மணலில் ஒரு குழி, அதில் ஒரு குடம் தண்ணீர், மணல் அதைக் குடித்து முடிக்கும்வரை ஷாட். முந்தின நாளே அப்பாவிடம், "நாளைக்கு ஆத்துல ஷூட்டிங் நைனா" என்று சொல்லிவிட்டாள்.

காலையில் பைக்கில் பொதட்டூர்பேட்டை தாண்டி, தரைப்பாலத்துக்குக் கொஞ்சம் மேலே ஒரு திருப்பத்தில் இறங்கினோம். எதிர்க்கரையை ஒட்டி ஒரு நூல் மாதிரி தண்ணீர் ஓடியது, மீதி எல்லாம் மணல். அவள் குடத்தோடு ஆற்றின் நடுவுக்குப் போய்விட்டாள். தன் போனைக் குழியின் ஓரத்தில் வைத்தாள். என் போனில் ஒரு சின்ன மைக்கைச் செருகி, மைக்கைப் பாலித்தீன் பையில் சுற்றி மணலுக்குள் புதைத்தாள். ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். நான் வழக்கம்போல் கரையில் புங்கமரத்தடியில். ஆறு காய்ந்திருந்தாலும் ஆறுதானே.

முதல் குடம் ஊற்றியதும் மணல் மளமளவென்று குடித்துவிட்டது. அவள் சிரித்துக்கொண்டு கையசைத்துக் கூப்பிட்டாள். நான் பயத்தை மூட்டை கட்டி வைத்துவிட்டு ஓடிப் போய் ஹெட்போனை வாங்கிக் காதில் வைத்தேன்.

"முழுங்குது பாவா, கேளு. தொண்ட சத்தம் மாரி இல்ல?"

நிஜமாகவே அப்படித்தான் இருந்தது. எனக்கு உடம்பு சிலிர்த்தது. போதும் என்று திரும்பி மரத்தடிக்கு ஓடிவந்துவிட்டேன்.

இரண்டாவது குடமும் அப்படியே போனது. வெளிச்சம் சரியில்லை என்று மூன்றாவது ஊற்றினாள். இந்தத் தடவை தண்ணீர் உள்ளே இறங்கவில்லை. வட்டமாக, வெயில் பட்டு மின்னிக்கொண்டு, அப்படியே நின்றது. அவள் எனக்குக் கையைக் காட்டினாள், அசையாதே என்று. முகமெல்லாம் சந்தோஷம். மணலுக்குத் தாகம் அடங்கிவிட்டது என்று நினைத்திருப்பாள். நானும் ஏதோ ஈரம் ஊறிவிட்டது என்றுதான் நினைத்தேன்.

வட்டம் பெரிதானது.

யாரும் ஊற்றவில்லை. குடம் அவள் பக்கத்தில் காலியாகக் கிடந்தது. வட்டம் குழியின் விளிம்பைத் தொட்டது, விளிம்பு கரைந்து உள்ளே விழுந்தது, வட்டம் இன்னும் பெரிதானது. தண்ணீர் கீழேயிருந்து ஏறிக்கொண்டிருந்தது. அண்ணாந்து வானத்தைப் பார்த்தேன். ஒரு மேகம் இல்லை. சரி, மேலே தண்ணீர் விட்டிருந்தால் மாமா போன் பண்ணியிருப்பாரே, பண்ணவில்லையே, அப்படியானால் ஒன்றுமில்லை என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். ஒரு நிம்மதிக்காகச் சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்தேன். பை காலியாக இருந்தது. போன் ஆற்றின் நடுவில் இருந்தது. இரண்டு போனும் ஃப்ளைட் மோடில் இருந்தன.

மாமா காலையிலிருந்து அடித்துக்கொண்டே இருந்திருப்பார். எங்களுக்குத்தான் கேட்டிருக்காது.

கத்தினேன். அவள் காதில் ஹெட்போன். திரும்பாமலே உள்ளங்கையைக் காட்டினாள், பேசாதே என்று. அவளுக்குப் பின்னால், திருப்பத்தில், தண்ணீர் வந்துகொண்டிருந்தது. சினிமாவில் வருவதுபோல் சுவராக எழும்பி வரவில்லை. பழுப்பு நிறத்தில், நுரையும் சருகும் தள்ளிக்கொண்டு, ஒரு பழைய ரப்பர் செருப்பை முன்னால் விட்டுக்கொண்டு, சத்தமே இல்லாமல் மணல்மேல் ஊர்ந்து வந்தது. அந்த அமைதிதான் என்னைக் கொன்றது.

நான் இறங்கினேன். தைரியம் என்று யாரும் நினைக்க வேண்டாம். கரையில் நிற்கிற பயம் இறங்குகிற பயத்தைவிடப் பெரிதாகிவிட்டது, அவ்வளவுதான். கணுக்கால் தண்ணீர் நான் நான்கு எட்டு வைப்பதற்குள் முழங்காலுக்கு வந்தது. காலுக்கடியில் மணலை யாரோ உருவுகிற மாதிரி இருந்தது. விழுந்தேன், வாயெல்லாம் சேறு, எழுந்தேன். அதற்குள் அவள் ஹெட்போனைப் பிடுங்கி எறிந்துவிட்டு நின்றிருந்தாள். பிறகு சொன்னாள், மணல் முழுங்குகிற சத்தம் நின்றுபோய், தூரத்தில் ஆட்டுக்கல் உருள்வதுபோல் கேட்டதாம். தரைப்பாலத்தில் டிப்பர் லாரி போகிறது என்று நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாளாம்.

அவள் தன் போனை மட்டும் எடுத்து வாயில் கவ்விக்கொண்டாள். என் போனும் மைக்கும் குடமும் போயின. கையைப் பிடித்தோம். யார் யாரை இழுத்தோம் என்று தெரியாது. தண்ணீர் இடுப்பைத் தள்ளியது, புங்கமர வேர் என் கைக்குக் கிடைத்தது. கரையில் இருவரும் மண்ணில் குப்புறப் படுத்துக் கிடந்தோம். நான் வாய்விட்டு அழுதேன். அவள் அழவில்லை.

"ஷாட்டு கெட்டுப்போச்சு" என்றாள். மூச்சு வாங்கிக்கொண்டே ஃப்ளைட் மோடை எடுத்தாள்.

போன் கையிலேயே துடிக்க ஆரம்பித்தது. இந்த எண்ணிலிருந்து உங்களுக்கு அழைப்பு வந்தது, வந்தது, வந்தது என்று வரிசையாகச் செய்திகள். எல்லாம் நைனா. அவள் உடனே அடித்தாள். மணி போனது, எடுக்கவில்லை. மறுபடி அடித்தாள், எடுக்கவில்லை. அம்மாவுக்கு அடித்தாள். ஸ்பீக்கரில் அத்தையின் குரல் எனக்கும் கேட்டது.

"எங்கடி போனீங்க ரெண்டு பேரும்? உங்களுக்கு லைன் போவலன்னு அவரு டிவிஎஸ் எடுத்துகினு எப்பவோ கெளம்பிட்டாரே. ஆத்தோரமாவே வந்து தேடறேன்னாரு. உங்ககிட்ட வந்துட்டாரா?"

அவள் போனை என் பக்கம் திருப்பினாள். நான்தான், "வந்துடுவாரு அத்த" என்றேன். அவர் ஊருக்கும் எங்களுக்கும் நடுவில் ஓடைகள் உண்டு, ஒவ்வொன்றிலும் ஒரு தரைப்பாலம் உண்டு. ஆறு பெருகினால் ஓடையும் எதிர்த்து ஏறும். அந்த ரோட்டில் பழைய டிவிஎஸ்ஸில், மூக்குக்கண்ணாடியைக் கயிற்றில் கட்டிக்கொண்டு ஓட்டுகிற மனுஷன். கல்யாணமாகி ஆறு வருஷத்தில் என் மனைவி பயந்து அன்றைக்குத்தான் பார்த்தேன். அவள் பயந்தால் எப்படியிருக்கும் என்று அதுவரை எனக்குத் தெரியாது. உதடு வெளுத்து, கண் சிமிட்டாமல், போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். என் பயமெல்லாம் சும்மா வேஷம் என்று தோன்றியது.

பைக்கில் தரைப்பாலத்துக்கு வந்தோம். பாலம் தெரியவில்லை. இரண்டு கரையிலும் கூட்டம். எல்லோரும் செல்போனைத் தூக்கிப் பிடித்துத் தண்ணீரைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். நாங்கள் யாரையும் குறை சொல்ல முடியாது.

கரையோரக் கடைக்காரர் யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்தார். "மேலாண்ட ஓடையில ஒரு பெருசு வண்டியோட எறங்கிடுச்சாம்பா. ஜனம் தடுத்துதாம், கேக்கலியாம்."

"இன்னா வண்டிங்க?" என்று கேட்டேன்.

"தெரியலங்க. வண்டி போயிடுச்சுன்றாங்க. ஆளு இன்னா ஆனான்னு தெரியல."

அவள் தண்ணீரை நோக்கி நடக்க ஆரம்பித்தாள். மணிக்கட்டைப் பிடித்தேன். உதறினாள், விடவில்லை. "உடு பாவா, நான்தான் போனை அமுத்தி வெச்சேன், நான்தான் அமுத்தி வெச்சேன்" என்று அதையே திரும்பத் திரும்பச் சொன்னாள். நான் மலையைப் பார்த்து முருகா என்றேன். அங்கிருந்து மலை தெரியாது, இருந்தாலும் அந்தத் திசையைப் பார்த்துச் சொன்னேன்.

அப்போதுதான் எதிர்க்கரையில் அவரைப் பார்த்தேன். தலையில் துண்டு, மார்புவரை சேறு, வண்டி இல்லை. கூட்டத்தைவிட்டு விலகி, தண்ணீர் ஓரத்தில் தனியாக நின்றுகொண்டிருந்தார். எங்கள் பக்கம் பார்க்கவில்லை. தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு மரக்கிளை வந்தால் அதோடு கூடவே நாலு எட்டு நடப்பார், அது கிளைதான் என்று தெரிந்ததும் திரும்பி வந்து நிற்பார். ஒரு துணிமூட்டை உருண்டு வந்தபோது குனிந்தே விட்டார். அவர் எதைத் தேடுகிறார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

"நைனா!" என்று அவள் போட்ட கூச்சலில் எங்கள் பக்கத்துக் கூட்டமே திரும்பியது. ஆற்றின் இரைச்சலில் அந்தக் கரைக்குப் போகவில்லை. அவர் போன் வண்டியோடு போயிருக்க வேண்டும், அடித்தால் இப்போது மணியே போகவில்லை.

கடைக்காரர்தான் எங்கள் இருவரையும் பார்த்து விஷயத்தைப் புரிந்துகொண்டார். "இரும்மா, அழுவாத. எங்க சம்பந்தி அந்தக் கரையிலதான் கீறாரு" என்று தன் போனை எடுத்தார். "ஆங், நான்தான். அங்க தண்ணியோரமா தலையில துண்டு கட்டிகினு ஒரு பெரியவரு நிக்கிறாரு பாரு. அவருகிட்ட குடு."

எதிர்க்கரையில் ஒருவர் கூட்டத்திலிருந்து பிரிந்து நடந்தார். மாமாவின் தோளைத் தொட்டார். கடைக்காரர் தன் போனை என் மனைவியிடம் கொடுத்தார். முதலில் இரைச்சல் மட்டும் கேட்டது. பிறகு, யாரோ கெட்ட சேதி சொல்லப்போகிறார்கள் என்று நினைத்த குரலில், "ஆங்..." என்றார் மாமா.

"நைனா, எதிர்ல கீறோம். ரெண்டு பேரும் கீறோம். தலைய தூக்கிப் பாரு."

தூக்கிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். என்னென்னவோ திட்டுவார் என்று நினைத்தேன். அப்படியே சேற்றில் உட்கார்ந்துவிட்டார். தோள் குலுங்குவது இங்கிருந்து தெரிந்தது. போனில் தண்ணீரின் சத்தம்தான் கேட்டது.

கடைசியில், "சாப்டியாடி?" என்று கேட்டார்.

"இல்ல நைனா" என்றாள். அதைச் சொல்லிவிட்டுத்தான் அழுதாள்.

அந்த ஷாட் அவள் போனில் இருக்கிறது. குடத்துத் தண்ணீர் வட்டமாக நிற்கிறது, பெரிதாகிறது, பிறகு அவள் உள்ளங்கை வந்து எல்லாவற்றையும் மூடுகிறது. அதை யாருக்கும் காட்டியதில்லை. நானும் ஒரு தடவைக்கு மேல் பார்த்ததில்லை.

அதற்காகப் படம் எடுப்பதை அவள் விடவில்லை. சட்டத்தைத்தான் மாற்றினாள். இப்போது போன் ஃப்ளைட் மோடில் போவதில்லை. ஷூட்டிங் என்றால் முந்தின நாளே நைனாவுக்குச் சொல்லிவிடுவாள், அவரும் எப்போதும்போல் நடுவில் கூப்பிடுவார். அழைப்பு வந்ததும் வீடியோ நின்றுவிடும். அங்கேதான் படம் முடியும். சென்னையில் ஒரு சின்ன அரங்கில் எங்கள் படங்களைப் போட்டபோது ஒரு இளைஞர் எழுந்து கேட்டார். காற்று ஓய்ந்த பிறகும் வெறும் கொடியை ஏன் அவ்வளவு நேரம் காட்டுகிறீர்கள், பிறகு ஏன் பொசுக்கென்று வெட்டுகிறீர்கள் என்று. "நாங்க வெட்டலைங்க. எங்க அப்பா போன் பண்ணிட்டாரு" என்றாள். அரங்கமே சிரித்தது. நான் சிரிக்கவில்லை.

மாமாவுக்கு இப்போது வயதாகிவிட்டது. மறதி வந்திருக்கிறது, படி ஏறினால் மூச்சு வாங்குகிறது. சில நாள் போன் தாமதமாக வருகிறது. போன வாரம் மலைப்படியில் மறுபடி கற்பூரம் எடுத்தோம். சுடர் குனிந்தது, அணைந்தது, புகையும் அடங்கியது. கறுத்த கல் மட்டும் படத்தில் இருந்தது. அவள் நிறுத்தவில்லை. பக்தர்கள் எங்களைச் சுற்றிக்கொண்டு ஏறிப் போனார்கள், ஒரு குரங்கு வந்து என் பையைத் துழாவிவிட்டுப் போனது, நான் அசையவில்லை. இருவரும் அந்தக் கல்லையும் போனையும் பார்த்துக்கொண்டே நின்றோம். கல் ஆறிப்போயிருக்கும். அவள் என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டாள், வலித்தது, நான் சொல்லவில்லை.

அப்புறம் போன் அடித்தது.